மாவு யாருடையது? தாயும் திரையும் சாதியும்

(பெரியதாழையில் நிகழ்த்திய நினைவுச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



வாத்தியார் பெயரால் நடக்கிற கூட்டத்தில் பேச அழைத்தபோது என்ன பேசுவது என்று நான் அதிக நாள் யோசிக்கவில்லை. நம்மில் பலருக்கு அவர் புத்தகம் கொடுத்தார். எனக்கு ஒரு சிடி கொடுத்தார். உறையில்கூடப் பெயர் இல்லை. “பாரு. அழுகை வரும். அழுது முடிச்சிட்டு மறுபடி ஒரு தடவை பாரு” என்றார். அந்த இரண்டாவது தடவையைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன்.

படத்தின் பெயர் ‘இமிடேஷன் ஆஃப் லைஃப்’. வாழ்க்கையைப் போல ஒரு நடிப்பு என்று தமிழில் சொல்லலாம். 1934இல் ஹாலிவுட்டில் வந்த கறுப்பு வெள்ளைப் படம். ஃபேனி ஹர்ஸ்ட் என்ற வெள்ளைக்கார எழுத்தாளர் 1933இல் எழுதிய நாவலை ஜான் எம். ஸ்டால் இயக்கினார். சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலிலும் அது இருந்தது.

கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். பியா என்ற வெள்ளைக்காரப் பெண் புருஷனை இழந்தவள். கைக்குழந்தையோடு வீடு வீடாகச் சர்க்கரைப் பாகு விற்றுப் பிழைக்கிறாள். அவள் வீட்டுக்கு வேலை தேடி டெலைலா என்ற கறுப்பினப் பெண் வருகிறாள். அவளுக்கும் ஒரு மகள், பெயர் பியோலா. சம்பளம் வேண்டாம், தங்க இடமும் சாப்பாடும் போதும் என்று டெலைலா சேர்ந்துகொள்கிறாள். அவளுக்கு ஒரு கைப்பக்குவம் உண்டு. பான்கேக் என்று அங்கே சுடுவார்களே, நம் இனிப்புத் தோசை மாதிரி, அதை அவளைப் போல யாராலும் சுட முடியாது. அவள் பாட்டி வழி வந்த பக்குவம். அந்தப் பக்குவத்தை வைத்துப் பியா கடற்கரையில் கடை போடுகிறாள். பிறகு மாவைப் பெட்டியில் அடைத்து நாடு முழுக்க விற்கிறாள், பெரும் பணக்காரி ஆகிறாள். பெட்டியின் மேல் டெலைலாவின் சிரித்த முகம்.

டெலைலாவின் மகள் பியோலா பார்வைக்கு வெள்ளையாக இருக்கிறாள். பள்ளியில் எல்லோரும் அவளை வெள்ளைக்காரப் பிள்ளை என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். ஒரு மழை நாளில் பிள்ளை நனைந்துவிடுமே என்று டெலைலா மழைக்கோட்டை எடுத்துக்கொண்டு வகுப்பறை வாசலில் வந்து நிற்கிறாள். இந்த வகுப்பில் கறுப்புப் பிள்ளைகள் யாரும் இல்லையே என்கிறார் ஆசிரியை. பியோலா புத்தகத்தால் முகத்தை மறைத்துக்கொள்கிறாள். தாய்க்கு மகள் நனையக் கூடாது என்பது மட்டும்தான் கவலை. அந்தக் கவலையே மகளைக் காட்டிக் கொடுத்துவிடுகிறது.

பியோலா வளர்கிறாள். கறுப்பின மாணவர்களுக்கான கல்லூரிக்கு அனுப்புகிறார்கள். அங்கிருந்து ஓடிப்போய் ஓர் உணவகத்தில் வெள்ளைக்காரியாகக் கல்லாவில் உட்கார்ந்திருக்கிறாள். தாய் தேடி வருகிறாள். இந்தப் பெண் யாரென்றே தெரியாது என்கிறாள் மகள். பிறகு வீட்டுக்கு வந்து, இனிமேல் என்னைத் தெருவில் பார்த்தாலும் தெரியாதவள் போலக் கடந்து போய்விடு என்று கேட்கிறாள். டெலைலா அந்த ஏக்கத்திலேயே இறந்துபோகிறாள். வெள்ளைக் குதிரைகள் பூட்டிய வண்டியில் பெரிய சவ ஊர்வலம். கூட்டத்தை விலக்கிக்கொண்டு பியோலா ஓடி வந்து பெட்டியின் மேல் விழுந்து கதறுகிறாள்.

வாத்தியார் சொன்னபடியே முதல் தடவை அழுதேன். நான் எதற்காக அழுதேன் என்று சொல்லாமல் மேற்கொண்டு பேசினால் அது நேர்மையாக இருக்காது.

என் அம்மா ஆறுமுகநேரிப் பக்கம் உப்பளத்தில் வேலை பார்த்தவள். விடியுமுன்னே எழுந்து போய் உப்பு வாருவாள். பெட்டியில் அள்ளித் தலையில் சுமந்து அம்பாரத்தில் கொட்டுவாள். வெயில் ஏற ஏற உப்பின் வெள்ளையில் கண் கூசும். பாதம் வெடித்து வெடித்து, வெடிப்புக்குள் உப்பு ஏறி, வீட்டுக்கு வந்து நல்ல தண்ணீர் ஊற்றினால் எரியும். அந்தக் கூலியில்தான் என்னைப் பட்டப் படிப்புக்கு அனுப்பினாள். விடுதியில் தங்கிப் படித்தேன். அங்கே என் சாதியை நான் யாரிடமும் சொன்னதில்லை. அப்பா இல்லை, அம்மா வீட்டில் இருக்கிறாள் என்பதோடு நிறுத்திக்கொள்வேன்.

ஒரு தை மாதம் அம்மா ஒரு பையில் பனங்கிழங்கும் கருப்பட்டியும் எடுத்துக்கொண்டு சொல்லாமல் கொள்ளாமல் விடுதி வாசலில் வந்து நின்றாள். காலில் செருப்பு இல்லை. என் அறைத் தோழி என்னோடு இருந்தாள். “யாருப்பா இது?” என்றாள். “எங்க வீட்டுல வேலை பாக்கிறவங்க” என்று என் வாய் சொல்லிவிட்டது.

அம்மா கேட்டுக்கொண்டுதான் நின்றாள். ஒரு நொடி என் முகத்தைப் பார்த்தாள். பிறகு தோழியிடம் திரும்பி, “ஆமாம்மா, பாப்பாட்ட கெழங்கக் குடுத்துட்டு வரச் சொன்னாவ, அதான் வந்தேன்” என்றாள். பையைக் கொடுத்தாள். “வாறேன் பாப்பா” என்றாள். போய்விட்டாள்.

ஊருக்குப் போனபோது அவள் அதைப் பற்றிப் பேசவில்லை. நானும் பேசவில்லை. பல வருஷம் அப்படியே கிடந்தது. அதன் பிறகுதான் வாத்தியார் அந்தச் சிடியைக் கொடுத்தார். பியோலா பெட்டியின் மேல் விழுந்து அழுதபோது நான் அழுததற்கு இதுதான் காரணம்.

அன்று ராத்திரியே அம்மாவிடம் போய் இந்தப் படத்தின் கதையைச் சொன்னேன். என் குற்றத்தைச் சொல்ல எனக்கு ஒரு சாக்கு தேவைப்பட்டது. அம்மா முறத்தில் அரிசியைப் பார்த்துக்கொண்டே கேட்டாள். சாவு வரைக்கும் சொல்லி முடித்தேன். அவள் அழுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் கேட்டது வேறு.

“மாவு யாரோடது?”

எனக்குப் புரியவில்லை. “என்ன மாவு?”

“அந்தப் பணியார மாவு. பக்குவம் கறுத்தவளோடதுதான? சுட்டதும் அவதான? பெட்டியில படமும் அவ படந்தான? அவளுக்கு எம்புட்டு குடுத்தா?”

நூற்றுக்கு இருபது தருவதாகப் படத்தில் வருகிறது என்றேன்.

“இருபது என்னட்டி கணக்கு?” என்றாள் அம்மா.

வாத்தியார் இரண்டாவது தடவை பாரு என்று சொன்னதன் பொருள் எனக்கு அப்போதுதான் புரிந்தது. முதல் தடவை அழுகையைப் பார்த்தேன். இரண்டாவது தடவை கணக்கைப் பார்த்தேன்.

தோழர்களே, அந்தக் காட்சியைக் கவனித்துப் பார்க்க வேண்டும். மாவு வியாபாரம் பெருகிவிட்டது. பியா டெலைலாவைக் கூப்பிட்டு, உனக்கு 20 சதவீதம் பங்கு, தனி வீடு வாங்கிக்கொள்ளலாம், கார் வாங்கிக்கொள்ளலாம் என்கிறாள். டெலைலா பதறிப்போகிறாள். என்னை அனுப்பிவிடாதீர்கள், நான் யாருக்குச் சமைப்பேன், யாரைப் பார்த்துக்கொள்வேன் என்கிறாள். 1934இன் வெள்ளைப் பார்வையாளர்கள் அதைக் கேட்டு உருகினார்கள். எவ்வளவு நல்ல மனசு, எவ்வளவு தாய்மை! 20 எப்படி நியாயம், 80 எப்படி நியாயம் என்ற கேள்வியை அவளே கேட்க மாட்டேன் என்று சொல்லும்படி கதையை எழுதிவிட்டார்கள்.

இன்னொரு காட்சி. அதே பணக்கார வீட்டில் ஒரு ராத்திரி இரண்டு தாய்களும் பேசி முடித்துத் தூங்கப் போகிறார்கள். பியா மாடிப்படி ஏறுகிறாள். டெலைலா கீழே இறங்குகிறாள். அவளுடைய மாவில் கட்டிய வீட்டில் அவள் இருப்பிடம் கீழ்த்தளம். இயக்குநர் அதைத் தெரிந்தே எடுத்தாரா என்று நான் வாதாட வரவில்லை. கேமராவுக்கு முன்னால் அது நடக்கிறது, நம் கண்ணுக்குத் தெரிகிறது, அது போதும்.

இது வெறும் கற்பனையும் இல்லை. அமெரிக்காவில் ‘ஆன்ட் ஜெமைமா’ என்று ஒரு பான்கேக் மாவு இருந்தது. பெட்டியில் தலையில் துணி கட்டிய கறுப்பினத் தாயின் சிரித்த முகம். 1893இல் சிகாகோ உலகக் கண்காட்சியில் அந்தத் தாயாக வேடமிட்டு நின்று பான்கேக் சுட்டுக் காட்டியவர் நான்சி கிரீன், அடிமையாகப் பிறந்த பெண். 1923இல் இறந்தார். அவர் புதைத்த இடத்தில் பெயர் பொறித்த ஒரு கல் நட 2020 வரை ஆனது. ஜார்ஜ் ஃபிளாய்ட் கொலைக்குப் பிறகு எழுந்த போராட்டத்தில்தான், அதே 2020இல், அந்தப் பெயரைக் கைவிடுவதாகக் கம்பெனி அறிவித்தது. நூறு வருஷத்துக்கு மேலாக ஒரு தாயின் முகம் விற்றது. அந்தத் தாய்க்கு ஒரு கல்லறைக் கல் இல்லை.

நம் நாட்டுக் கதை இதிலிருந்து ஓர் இடத்தில் வேறுபடுகிறது. அங்கே கறுப்பினத் தாய் சுட்டதை வெள்ளைக்காரர்கள் விரும்பிச் சாப்பிட்டார்கள், அவளை மட்டும் கீழ்த்தளத்தில் வைத்தார்கள். இங்கே சாப்பாடே தீட்டு. 2018இல் திருப்பூர் மாவட்டத்தில் ஓர் அரசுப் பள்ளியில் அருந்ததியர் சமூகத்துப் பெண் சத்துணவு சமைக்க வந்தபோது, எங்கள் பிள்ளைகள் அவள் கையால் சாப்பிடக் கூடாது என்று சாதி இந்துக்கள் சமையலைத் தடுத்தார்கள். நாம் விளைவிக்கிற நெல் தீட்டில்லை, வாருகிற உப்பு தீட்டில்லை, அதே கை உலை வைத்தால் மட்டும் தீட்டு. உழைப்பு எந்த இடம் வரைக்கும் வரலாம், எந்த இடத்தில் நிற்க வேண்டும் என்று சாதி ஒரு கோடு போட்டு வைத்திருக்கிறது. சிகாகோவுக்கும் திருப்பூருக்கும் கோடு விழுந்த இடம்தான் வேறு.

இனி மகளுக்கு வருகிறேன். பியோலாவை என்ன செய்வது? இந்தப் படத்தைப் பார்த்த பலரும் அவளைத் திட்டுவார்கள். பெற்ற தாயைத் தெரியாது என்று சொன்ன பாவி என்பார்கள். எனக்கு அப்படித் திட்ட வாய் வராது, காரணத்தை ஏற்கெனவே சொல்லிவிட்டேன். ஆனால் என் சொந்தக் காரணத்தைத் தள்ளி வைத்துவிட்டும் யோசிப்போம்.

அன்றைய அமெரிக்காவில் ஒரு சொட்டுக் கறுப்பு ரத்தம் இருந்தாலும் கறுப்பர்தான் என்பது பல மாநிலங்களில் சட்டம். 1924இல் வர்ஜீனியா அதை எழுத்திலேயே வைத்தது. ரயிலில் தனிப் பெட்டி, தனிப் பள்ளி, தனிக் குழாய். பார்வைக்கு வெள்ளையாக இருந்த கறுப்பினத்தவர் சிலர் அடையாளத்தை மறைத்துக்கொண்டு வெள்ளையராக வாழப் போனார்கள். அதற்கு ‘பாஸிங்’ என்று பெயர். அப்படிப் போனவர்கள் ஊரை, தெருவை, தம்பி தங்கைகளைத் துறக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் முதலாகத் தாயைத் துறக்க வேண்டும். ஏனென்றால் தாயின் முகம்தான் காட்டிக் கொடுக்கும். நாவலில் பியோலா இன்னும் ஒரு படி மேலே போகிறாள். வெள்ளைக்காரனைக் கல்யாணம் செய்துகொள்வதற்காகத் தனக்குப் பிள்ளை பிறக்காதபடி அறுவை செய்துகொள்கிறாள். பிறக்கிற பிள்ளை கறுப்பாகப் பிறந்துவிட்டால்? தாயை மறுத்தவள் தான் தாயாவதையும் மறுக்க வேண்டியிருக்கிறது. நாவலில் அவள் திரும்பி வருவதே இல்லை. சவ ஊர்வலத்துக்கு அவளை இழுத்து வந்து கதற வைத்தது சினிமாதான். சட்டத்தின் குற்றம் மகளின் குற்றமாக மாறி, மகள் அழுது முடித்ததும் எல்லாம் சரியாகிவிட்டது போல விளக்கு போடுகிறார்கள்.

இங்கிருந்து வடக்கே மணப்பாட்டைத் தாண்டினால் குலசேகரன்பட்டினம். தசராவுக்கு முத்தாரம்மனுக்கு நேர்ந்துகொண்டு காளி வேடமும் ராஜா வேடமும் குறத்தி வேடமும் போட்டு ஆயிரக்கணக்கானோர் காணிக்கை எடுப்பதை நீங்கள் எல்லோரும் பார்த்திருக்கிறீர்கள். ராஜா வேடம் போட்டவன் பத்து நாள் ராஜா. பிறகு வேடத்தைக் களைந்துவிட்டுக் கடலில் குளித்து வீட்டுக்குப் போகலாம். வீட்டில் அம்மா சோறு வைத்திருப்பாள். பியோலாவின் வேடத்துக்குப் பதினோராம் நாள் கிடையாது. களைந்தால் வேலை போகும், களையாவிட்டால் தாய் போவாள். சாதியை மறைத்து நகரத்தில் வீடு வாடகைக்கு எடுத்திருக்கிற நம் பிள்ளைகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வாடகைக்கு வீடு கிடைத்த பிறகு அவர்களுடைய முதல் கவலை, ஊரிலிருந்து அம்மா வந்தால் வீட்டுக்காரர் என்ன கேட்பார் என்பதுதான்.

பியோலாவாக நடித்த ஃப்ரெடி வாஷிங்டனைப் பற்றி அவசியம் சொல்ல வேண்டும். அவர் கறுப்பினப் பெண். பார்வைக்கு வெள்ளையாகவே இருப்பார். வெள்ளைக்காரி என்று சொல்லிக்கொண்டால் பெரிய நட்சத்திரம் ஆகலாம் என்று அவரிடம் சொன்னார்கள். மறுத்துவிட்டார். 1933இல் பால் ராப்சனோடு நடித்த படத்தில், வெள்ளைக்காரி என்று யாரும் நினைத்துவிடக் கூடாது என்பதற்காக அவர் முகத்தில் கறுப்புச் சாயம் பூசினார்கள். வெள்ளையாகவும் நடிக்கவிடவில்லை, கறுப்பாகவும் ஏற்கவில்லை. அவர் 1937இல் கறுப்பின நடிகர் சங்கம் அமைத்தவர்களில் ஒருவரானார். பத்திரிகையில் நாடகம் பற்றி எழுதினார். திரையில் தாயை மறுத்த பெண், வாழ்க்கையில் தன் மக்களை மறுக்கவில்லை.

ஃப்ரெடி வாஷிங்டன் பிறந்த ஆண்டு 1903. அதே 1903இல் திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் புலையர் சமூகத்தில் ஒரு பெண் பிறந்தார். பெயர் ராஜம்மா. உலகம் அவரை பி.கே. ரோசி என்று அறிகிறது. புல் அறுத்துப் பிழைத்தவர். தமிழும் மலையாளமும் கலந்து ஆடுகிற காக்காரிசி நாடகத்தில் நடித்தவர்.

இதே கடற்கரையைத் தெற்கே பிடித்துப் போனால் கன்னியாகுமரிக்குப் பக்கத்தில் அகஸ்தீஸ்வரம். அந்த ஊர்க்காரர் ஜே.சி. டேனியல், சொத்தை விற்று மலையாளத்தின் முதல் படத்தை எடுத்தார். மௌனப் படம். ‘விகதகுமாரன்’, அதாவது காணாமற்போன பிள்ளை. இலங்கைக்குக் கடத்தப்பட்டுத் தோட்டக்கூலியாகும் ஒரு பணக்கார வீட்டுப் பையனின் கதை. இந்தியாவில் புராணப் படங்கள் ஓடிக்கொண்டிருந்த காலத்தில் குடும்பக் கதை எடுத்தார். அதில் சரோஜினி என்ற நாயர் பெண்ணாக ரோசியை நடிக்க வைத்தார்.

திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் படம் திரையிடப்பட்டபோது அந்தப் படத்தின் கதாநாயகிக்கு உள்ளே இடம் இல்லை. ஒரு புலையப் பெண் நாயர் பெண்ணாக நடிப்பதா என்று திரையில் கல்லெறிந்தார்கள். ரோசியை விரட்டினார்கள், அவர் குடிசையைக் கொளுத்தினார்கள். முன்பு அய்யன்காளி பஞ்சமி என்ற சிறுமியைக் கைப்பிடித்து ஊரூட்டம்பலம் பள்ளியில் உட்கார வைத்தபோதும் அந்தப் பள்ளியைக் கொளுத்தினார்கள். நம் பெண்பிள்ளைகள் போய் உட்காருகிற இடத்தை எரிப்பது திருவிதாங்கூரில் பழகிய வேலை.

அமெரிக்காவிலும் இதைப் பார்க்கலாம். 1939 டிசம்பரில் அட்லாண்டாவில் ‘கான் வித் த விண்ட்’ முதல் காட்சி. அதில் வளர்ப்புத் தாயாக நடித்த ஹாட்டி மெக்டானியல் அந்தத் தியேட்டருக்குப் போக முடியவில்லை. அடுத்த ஆண்டு அதே நடிப்புக்கு அவருக்கு ஆஸ்கர் கிடைத்தது. ஆஸ்கர் பெற்ற முதல் கறுப்பினக் கலைஞர் அவர். விழா அரங்கில் அவருக்குச் சுவர் ஓரமாகத் தனி மேசை.

ரோசிக்கு ஆஸ்கரும் இல்லை, தனி மேசையும் இல்லை. ஒரு லாரியில் ஏறித் தப்பினார். லாரி ஓட்டுநர் கேசவ பிள்ளையை மணந்துகொண்டு நாகர்கோவில் பக்கம், தமிழ் மண்ணில், ராஜம்மாளாக வாழ்ந்தார். சினிமாவைப் பற்றிப் பேசவே இல்லை. பிள்ளைகள் தந்தையின் சாதி அடையாளத்தோடு வளர்ந்தார்கள், அம்மா நடித்தது பற்றி அவர்களுக்கு அதிகம் தெரியாது என்று ரோசியைத் தேடிச் சென்றவர்கள் எழுதியிருக்கிறார்கள்.

தோழர்களே, இங்கே கொஞ்சம் நிற்போம். ஹாலிவுட் படத்தில் மகள் தாயை மறைத்தாள். நம் கதையில் தாய் தன்னையே மறைத்துக்கொண்டாள். பிள்ளைகள் மேல் கல் விழக்கூடாது என்றால் தான் யாராகவும் இருந்திருக்கக் கூடாது என்று ஒரு தாய் முடிவு செய்கிறாள். காணாமற்போன பிள்ளையைப் பற்றிப் படம் எடுத்தார்கள். காணாமற்போனது அதில் நடித்த தாய். அந்தப் படத்தின் சுருள் இன்று இல்லை. ரோசியின் நடிப்பில் ஒரு காட்சியைக்கூட நாம் பார்க்க முடியாது.

பின்னாளில் கேரள அரசு டேனியல் பெயரால் விருது கொடுத்தது. 2013இல் ‘செல்லுலாய்ட்’ என்று படம் வந்தது. சினிமாவில் இருக்கிற பெண்கள் ரோசி பெயரில் திரைப்படச் சங்கம் தொடங்கினார்கள். சென்னையில் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைப்பட விழா நடத்துகிறது. இதெல்லாம் நல்ல காரியம். ஆனால் ரோசியை நினைவுகூர்வது என்றால், முதல் நாயகி என்று படத்துக்கு மாலை போடுவதோடு முடியாது. ஒரு தாய் தன் வரலாற்றைத் தன் பிள்ளைக்கே சொல்ல முடியாமல் செய்தது எது என்று கேட்க வேண்டும்.

தாயைக் கும்பிடுவதில் நமக்குக் குறைவில்லை. இந்தக் கரை முழுக்கத் தாய்தான். தூத்துக்குடியில் பனிமய மாதா, குலசையில் முத்தாரம்மன். தமிழ் சினிமாவில் அம்மாவுக்காக உருகாத கதாநாயகன் இல்லை. ஆனால் அந்த அம்மா எந்தத் தெருவில் இருக்கிறாள், காலையில் எத்தனை மணிக்கு வேலைக்குப் போகிறாள், கூலி எவ்வளவு என்று வெகுகாலம் படம் சொன்னதில்லை. கண்ணீர் வருகிற இடத்தில் கணக்குக் கேட்பது மரியாதைக் குறைவு என்று பழக்கிவிட்டார்கள். டெலைலாவைப் போல நம் தாய்மாரும் கேட்க மாட்டார்கள் என்பதுதான் அவர்களுடைய தைரியம்.

அண்மையில்தான் இது கொஞ்சம் மாறியிருக்கிறது. நம் மாவட்டத்துக்காரர் மாரி செல்வராஜ் 2018இல் ‘பரியேறும் பெருமாள்’ எடுத்தார். அதில் மகனின் கல்லூரிக்கு வருகிற தந்தை, பெண் வேடம் கட்டி ஆடுகிற கூத்துக் கலைஞர். அவரை மாணவர்கள் அவமானப்படுத்தி ஓட விடுகிறார்கள். அந்தக் காட்சியில் எனக்கு என் விடுதி வாசல்தான் தெரிந்தது. 2024இல் வந்த ‘வாழை’யில் ஒரு தாய் இருக்கிறாள். வாழைத்தார் சுமக்கிற குடும்பம். வாங்கிய முன்பணத்துக்காக, படிக்கிற பையனையும் சுமை தூக்க அனுப்ப வேண்டிய தாய். அவள் பாசக்காரியா, கொடியவளா என்று கேட்க இடமில்லை. ஒரு தாருக்கு என்ன கூலி என்று கேட்க வைக்கிறது படம். கணக்கு உள்ளே வந்துவிட்டது.

எழுத்தில் இது முன்னமே வந்துவிட்டது. 1992இல் பாமா ‘கருக்கு’ எழுதியபோது, காட்டு வேலைக்கும் பண்ணை வீட்டு வேலைக்கும் போன நம் பாட்டிகள் முதல் முறையாகக் கூலியோடும் பேச்சோடும் புத்தகத்துக்குள் நடந்து வந்தார்கள். 2019இல் யஷிகா தத் என்ற பத்திரிகையாளர், தலித் என்பதை மறைத்து வாழ்ந்த தன் கதையை ஆங்கிலத்தில் எழுதினார். தன்னைப் படிக்க வைக்கத் தாய் பட்ட பாட்டையும் அதில் எழுதியிருக்கிறார். வெளியே வந்து சொல்வது ஒருவருடைய தனித் தைரியம் மட்டும் இல்லை. சொன்ன பிறகு பக்கத்தில் நிற்க ஆட்கள் வேண்டும். வாத்தியார் இந்த மன்றத்தை அதற்காகத்தான் தொடங்கினார் என்று நான் நினைக்கிறேன்.

அதனால் இங்கே வந்திருக்கிற மாணவர்களிடம் இரண்டு விஷயம் சொல்கிறேன்.

ஒன்று, இன்னும் மறைத்துக்கொண்டிருப்பவர்களுக்கு. உங்களை யாரும் பாவி என்று சொல்ல இந்த மன்றம் விடாது. சொல்லுகிற நேரத்தை நீங்களே முடிவு செய்யுங்கள். வெட்கப்பட வேண்டியது மறைக்க வைத்தவர்கள். ஆனால் மறைக்கிற இடத்திலும் ஓர் ஆளிடமாவது உண்மையைச் சொல்லி வையுங்கள். அம்மா வந்து நிற்கிற நாளில் உங்களோடு வாசலுக்கு வர ஒரு துணை வேண்டும். எனக்கு அன்று இல்லை.

இரண்டாவது, எல்லோருக்கும். இந்த விடுமுறையில் உங்கள் அம்மாவிடம் உட்கார்ந்து எழுதுங்கள். அம்மாவின் தியாகம் என்று எழுதாதீர்கள். எத்தனை வயதில் வேலைக்குப் போனாள், என்ன வேலை, யாருடைய அளம், யாருடைய தோட்டம், ஒரு நாளைக்கு எத்தனை பெட்டி, அன்றைக்குக் கூலி என்ன, எந்த வருஷம் எவ்வளவு ஏறியது, உடம்பில் எங்கே வலிக்கிறது, என்ன பக்குவம் தெரியும், அதை யாரிடம் கற்றாள் என்று எழுதுங்கள். அவள் பேச்சிலேயே எழுதுங்கள். ரோசியின் படச்சுருள் போல இதுவும் போய்விட்டால் திரும்பக் கிடைக்காது. அந்த நோட்டுகளை மன்றத்துக்குக் கொண்டுவாருங்கள். அடுத்த வருஷம் இந்த மேடையில் ஒருவர் பேசுவதற்குப் பதிலாக அவற்றை வாசிப்போம்.

முடிக்கிறேன். அன்று ராத்திரி மாவுக் கணக்குப் பேசி முடித்த பிறகு, ஒருவழியாக விடுதி வாசல் விஷயத்தை எடுத்தேன். “அன்னைக்கு அப்படிச் சொல்லிட்டேம்மா” என்று அழுதேன். அம்மா முறத்தைக் கீழே வைத்தாள்.

“எதுக்குட்டி அழுத? அன்னைக்கு நீ மட்டுமா நடிச்ச? நானுந்தான நடிச்சேன். ஒன்ன விட நாந்தான் நல்லா நடிச்சேன்” என்றாள். சிரித்தாள். கொஞ்ச நேரம் கழித்து, “பஸ்ஸுல வரும்போதுதான் அழுதேன்” என்றாள்.

அவள் பஸ்ஸில் அழுத அழுகை எந்தப் படத்திலும் இல்லை. அதை எழுத வேண்டியது நாம்தான்.